சுதாகரன் முறை

சாலைக் கடைத்தெருவில் வற்றல் மிளகாய் நெடி மூக்கில் ஏறியது. தும்மிவிட்டு நிமிர்ந்தேன். எதிர்ச் சுவரில் சுதாகரனுக்கு அஞ்சலி போஸ்டர். தலையில் துண்டு கட்டிய படம்.

அப்பா சட்டையிலும் இதே நெடிதான் இருக்கும். அவரும் சுதாகரனும் இந்தத் தெருவில் மூட்டை தூக்கியவர்கள். லாரி வந்ததும், மூட்டை இறக்க அப்பா முறைப்படி ஒவ்வொருவர் பெயராகக் கூப்பிடுவார். யூனியன் தலைவராகி, எம்.பி.யாகி சுதாகரன் டெல்லிக்குப் போன பிறகும் அந்தப் பெயரை அவர் விடவில்லை. கொஞ்சம் காத்திருந்துவிட்டு, அந்த மூட்டையைத் தானே தூக்குவார்.

"எம்.பி. ஆயாச்சுல்லா அண்ணாச்சி, இனி எதுக்கு அவன் பேரு?" என்றார் ஒருவர்.

"அவன் வருவான், கேட்டியா. முறை கிடக்கட்டும்," என்றார் அப்பா.

ஒருநாள் சுதாகரன் வந்தார். அப்பா பெயரைக் கூப்பிட்டு, துவைத்து வைத்திருந்த தன் துண்டை நீட்டினார். சுதாகரன் அதைத் தலையில் கட்டி, மூட்டைமேல் கைவைத்து நின்றார். படம் எடுத்தார்கள். எல்லாரும் கைதட்டினோம். துண்டை அவிழ்த்துக் கொடுத்துவிட்டுக் காரில் ஏறிவிட்டார்.

அந்த மூட்டையையும் அப்பாதான் தூக்கினார். மறுநாள் முதல் அந்தப் பெயரைக் கூப்பிடவில்லை.

போஸ்டரில் இருப்பது அன்று எடுத்த படம். அப்பா அதில் இல்லை. ஓரத்தில், இரட்டைப் பின்னலோடு, நான் கைதட்டிக்கொண்டிருக்கிறேன்.