சாணி மெழுகிய விதைநெல்

திருத்தணி முருகனை நம்பிய எல்லோருக்கும் என் வணக்கம். இதைக் கோபத்தோடுதான் சொல்லப் போகிறேன். கோபத்தை மறைத்துவிட்டுச் சாட்சி சொன்னால் அது அரைச் சாட்சிதான்.

யுத்தம் முடிந்த மறுவருஷம். ரேஷன் மட்டும் முடியவில்லை. கே.ஜி.கண்டிகைப் பக்கம் எங்களுக்குக் கொஞ்சம் ஏரிப் பாசன நிலம் உண்டு. கணவர் இறந்த பிறகு நானே பயிர் வைத்தேன். ஆடியில் விதைக்க வேண்டிய நெல்லில் வேப்பிலையும் நொச்சியிலையும் சாம்பலும் கலந்து, வைக்கோல் புரி சுற்றி, மேலே சாணி மெழுகி வைத்திருந்தேன். பூச்சி அண்டாமலிருக்க எங்கள் பக்கத்தில் எல்லோரும் இப்படித்தான் செய்வார்கள்.

ஆனி மாதம் பதுக்கல் நெல் தேடிச் சோதனைக்கு வந்த அதிகாரி பட்டணத்துக்காரர். சர்க்காருக்குத் தெரியாமல் சாணி பூசி ஒளித்திருக்கிறேன் என்று முடிவு கட்டிவிட்டார். விதைநெல் என்று கெஞ்சினேன். வண்டியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள்.

தாலுகா ஆபீசுக்கு நடையாய் நடந்தேன். விதை போனால் அந்த வருஷமே போச்சு, பிள்ளைகளுக்குக் கஞ்சி கிடையாது. அதைக் கேட்க அங்கே யாருக்கும் காதில்லை. கடைசியில் அக்காள் புருஷன், என் பாவா, ஒரு வக்கீலிடம் கூட்டிப் போனார். அவர் எல்லாவற்றையும் பொறுமையாகத்தான் கேட்டார்.

"அவரு மேல கேஸ் போட முடியாதும்மா. நல்ல எண்ணத்துல செஞ்சேன்னு அவரு சொன்னா போதும், சட்டம் அவரைக் காப்பாத்திடும்."

"அப்ப என்னை எது காப்பாத்தும்ங்க?"

அவர் மூக்குக்கண்ணாடியைத் துடைக்க ஆரம்பித்தார். என் வீட்டில் புகுந்து எடுத்தவருக்குப் பாதுகாப்பு, பறிகொடுத்தவளுக்கு ஒன்றுமில்லை. இது என்ன நியாயம்?

ஆடிக் கிருத்திகை வந்தது. பூக்காவடி எடுத்து மலை ஏறினேன். வழியெல்லாம் அரோகரா சத்தம். எனக்கு மட்டும் வாய் வரவில்லை. சன்னதியில் நின்று சண்டைதான் போட்டேன். "முருகா, கோர்ட்டு கதவைச் சாத்திட்டாங்க. நீயும் சாத்திட்டியா? என் விதையைக் கொடு, இல்ல அந்த நிலத்தை நீயே வந்து உழு." அழுதுகொண்டே இறங்கினேன்.

அந்த வாரமே பாவா ஓடி வந்தார்.

"சர்க்காரு நெல்லு அரைக்கிற மில்லுல உன் நெல்லைத் தொட மாட்டேன்றாங்க. சாணியும் வேப்பிலையும் நாறுதாம். சோத்துக்கு ஆவாதுன்னு திருப்பித் தராங்க, வண்டி கட்டிகினு வா."

போனேன். அதே அதிகாரி இருந்தார். தப்பு என்று ஒரு வார்த்தை இல்லை. சாப்பிடத் தகாத நெல் என்று எழுதி, எனக்குக் குறை ஒன்றும் இல்லை என்று கைநாட்டும் வாங்கிக்கொண்டார். விதை வேண்டுமே, கைநாட்டு வைத்தேன். எந்தச் சாணியைக் காட்டி எடுத்துப் போனாரோ, அந்தச் சாணியை வைத்தே முருகன் திருப்பிக் கொடுத்தான். நிலத்தில் ஈரம் காய்வதற்குள் விதைத்தேன். நன்றாகவே விளைந்தது.

முன்பெல்லாம் வருஷத்துக்கு ஒருமுறைதான் மலைக்குப் போவேன். இப்போது மாதக் கிருத்திகை தவறுவதில்லை. கதவெல்லாம் சாத்தியிருக்கிறதா? நீங்களும் வாருங்கள். வாய்க்கு வந்ததைக் கேளுங்கள், அவன் கோபித்துக்கொள்ள மாட்டான்.

நெல்லைக் கேட்டேன், கொடுத்துவிட்டான். அதற்கு என் உயிருள்ளவரை நன்றி. நியாயத்தையும் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறேன். ஒவ்வொரு கிருத்திகைக்கும் அதற்காகவே ஏறுகிறேன்.