இன்ஸ்பெக்டர் சவுரிமுத்து

குரோம்பேட்டை சவுரிமுத்து பதினேழு வருஷத்தில் நூறு படங்களுக்கு மேல் நடித்தார். எதிலும் அவருக்கு நாலைந்து காட்சிகளுக்கு மேல் இருந்ததில்லை. டாக்டர், ஜட்ஜ், ஸ்டேஷன் மாஸ்டர், பெரும்பாலும் போலீஸ் இன்ஸ்பெக்டர். ஆறடி உயரமும் கனத்த குரலும் காக்கிக்கென்றே பிறந்தவை. இரண்டே வரி வசனமானாலும் காலை ரயிலில் கோடம்பாக்கம் போய்ச் சேரும்வரை முணுமுணுத்துக்கொண்டே இருப்பார்.

1967இல் ஊரப்பாக்கத்தில் வெளிப்புறப் படப்பிடிப்பு. குடிசை எரியும் காட்சி. கூட்டத்தில் ஓடிய துணை நடிகை எல்லம்மாவின் சேலையில் தீப்பிடித்தது. சாக்குப் போட்டு அணைத்தார்கள். முழங்காலுக்குக் கீழே தோல் வெந்துபோயிருந்தது.

"வண்டி ஹீரோவுக்கு வேணும். இந்த ஷாட் முடியட்டும்" என்றார் மேனேஜர்.

சவுரிமுத்து இன்ஸ்பெக்டர் உடுப்போடு விறுவிறுவென்று ஜி.எஸ்.டி. ரோட்டுக்கு நடந்து, நடுவில் நின்று கையை நீட்டினார். லாரி ஒன்று கிறீச்சிட்டு நின்றது. டிரைவர் ஜெயவேலு பதறிக்கொண்டு இறங்கினார்.

"பேப்பர்லாம் கரீக்டா கீது சார்!"

"பேப்பர் வேணாம்பா. ஒரு அம்மாவுக்குத் தீக்காயம். தாம்பரம் ஆஸ்பத்திரிக்குப் போகணும்."

எல்லம்மாவை ஏற்றிக்கொண்டு லாரி பறந்தது. ஆஸ்பத்திரியில் அவரை உள்ளே அனுப்பிவிட்டு, தான் வெறும் நடிகன் என்று சவுரிமுத்து ஒப்புக்கொண்டார்.

ஜெயவேலு அவரை மேலும் கீழும் பார்த்தார். "மின்னாடியே சொல்லிக்கினா இன்னா சார்?"

"சொல்லியிருந்தா நிறுத்தியிருக்க மாட்டியா?"

"நிறுத்திருப்பேன் சார். இவ்ளோ வேகமா ஓட்டிருக்க மாட்டேன்."

இன்ஸ்பெக்டர் இல்லாததால் அன்றைய படப்பிடிப்பு நின்றது. அந்தப் படக் கம்பெனி அவரை அத்தோடு விலக்கியது. செய்தி பரவி மற்றவர்களும் கூப்பிடவில்லை. பதினோரு மாதம் வீட்டில் இருந்தார். பள்ளி ஆசிரியையான மனைவி ஹில்டாவின் சம்பளத்தில் குடும்பம் ஓடியது. ஒரு நாள், "நான் அவசரப்பட்டுட்டேனோ?" என்று கேட்டார்.

"அந்தம்மாவை விட்டுட்டு வந்திருந்தீங்கன்னா நான் கதவையே தொறந்திருக்க மாட்டேன்" என்றார் ஹில்டா.

எல்லம்மா பிழைத்தார். கொஞ்சம் சாய்ந்து நடந்தாலும் மறுபடி கூட்டக் காட்சிகளுக்குப் போனார். அன்று படப்பிடிப்பில் உதவி இயக்குநராக இருந்த வைத்தீஸ்வரன் அடுத்த வருஷம் தனியாகப் படம் எடுத்தார். முதலில் ஆள் அனுப்பியது சவுரிமுத்துவுக்குத்தான். கதாநாயகியின் அப்பா வேடம். அதன் பிறகு வாய்ப்புகள் நிற்கவில்லை.

மெட்ராசுக்கு டெலிவிஷன் வந்த பிறகு, 1977இல் ஒரு நாடகத்தில் ஓய்வுபெற்ற தபால்காரராக நடித்தார். முதன்முறையாக அவர்தான் முக்கியப் பாத்திரம். அவர் குடியிருந்த அஸ்தினாபுரத்தில் டிவி இருந்த ஒரே வீட்டுக் கூடத்தில் தெருவே உட்கார்ந்து பார்த்தது. அவர் மட்டும் இல்லை. அன்று ஒரு படப்பிடிப்பில் ஜட்ஜ்.

மறுநாள் ஸ்டேஷனில் டிக்கெட் கொடுப்பவர் எழுந்து நின்றே கை கொடுத்தார். "சார், உங்க பேருதான் முதல்ல வந்துது!"

"முழுசா போட்டாங்களா? முத்துன்னு சுருக்கிடலையே?"

"முழுசா, சார்."

சவுரிமுத்து சிரித்தபடி ரயிலேறினார். அன்றைக்கு மூன்று வரி வசனம்.