எஃபி கேட்ட பாலம்

எஃபி கெடஸுக்கு வாய் நீளம்னு ஊரே சொல்லும். ஸ்காட்லாந்துத் துறைமுகத்துல மீன் குடலெடுத்த பொம்பளை, பூப்போலவா பேசுவா? கல்யாணமாகி நியூசிலாந்துக்குக் கப்பலேறினா. ஆட்டுப் பண்ணை ஓரத்து மண் வீட்டுல அஞ்சு பெத்தா. மூத்தவன் ஆர்ச்சியை ஆறு கொண்டுபோயிடுச்சு. அக்கரைக் கடைக்குக் குதிரையில மாவு வாங்கப் போன பையன். பனி உருகி வந்த வெள்ளம். குதிரை மட்டும் கரையேறுச்சு.

அதுலேர்ந்து எஃபிக்கு ஒரே பேச்சு: பாலம்.

அந்த வருஷம் பார்லிமெண்டு மெம்பர் பாதியிலேயே பதவியை உதறிட்டு இங்கிலாந்து போயிட்டார். இடைத்தேர்தல் வந்துச்சு. ஒரு பக்கம் ஹோல்க்ராஃப்ட் துரை. எஃபி புருஷன் டேவி மேய்க்கிற ஆடும் அவருது, குடியிருக்கிற வீடும் அவருது. மறுபக்கம் கடைக்கார டாட். பாலம் கட்டுறேன்னவர் டாட்தான். துரைக்குப் பாலம் ஆகாது. பாலம் வந்தா சின்ன விவசாயிங்க நிலம் கேட்டு வந்து நிப்பாங்கல்ல!

பொம்பளைக்கு ஓட்டு கிடையாது. துரை வீட்டுக்கு வாடகை கட்டுறதால டேவிக்கு உண்டு. ரகசிய ஓட்டு வராத காலம். எல்லார் முன்னாடியும் பேரை வாய்விட்டுச் சொல்லணும்.

"இந்தாய்யா, டாட்டுன்னு ஒரு வார்த்தை. நாக்கு சுளுக்கிக்காது."

"சொல்றேன்டி."

"கூரை ஒழுகுறதை அடைக்கிறேன்னும் இப்படித்தான் சொன்னே."

ரொம்ப நாளைக்கப்புறம் ரெண்டு பேரும் சிரிச்சாங்க.

ஓட்டுச் சாவடி, அக்கரையில துரையோட ஆட்டு ரோமம் கத்தரிக்கிற கொட்டகை. கைக்குழந்தையோட எஃபி வாசல்ல நின்னா. பீர் கோப்பையோட ஒருத்தன், "என்ன எஃபி, புருஷனுக்குக் காவலா?"ன்னான்.

"உனக்கும் ஒருத்தி காவல் இருந்தா நேரா நிப்பே."

உள்ளே அதிகாரி. அவருக்கு இந்தப் பக்கம் துரை, அந்தப் பக்கம் டாட்.

"டேவிட் கெடஸ், யாருக்கு?"

டேவி தொப்பியைத் திருகினான். வாசல்ல நின்ன எஃபியையும் குழந்தையையும் பார்த்தான்.

"ஹோல்க்ராஃப்ட் துரைக்குங்க."

துரை எழுந்து, வழக்கப்படி தலை குனிஞ்சு, "நன்றி, கெடஸ்"னார். ஒரே கைதட்டல்.

வெளியே வந்தவன் முணுமுணுத்தான். "மீதி நாலு இருக்குடி. வீட்டை விட்டுத் துரத்தினா குளிர்ல எங்க கூட்டிட்டுப் போவேன்?"

"நான் ஏதாவது கேட்டேனா?"

அவ கேக்காததுதான் அவனுக்குத் தாங்கல. வழியெல்லாம் அந்த வாய் திறக்கல. ஆத்துல தொடை வரைக்கும் தண்ணி இழுத்துச்சு. டேவி கையை நீட்டினான். இடுப்புல குழந்தை, ரோஷம் பார்க்கிற இடமா? பிடிச்சா. கரையேறினதும் விட்டுட்டா.

துரை சுலபமா ஜெயிச்சார். வீடு நிலைச்சுது. எஃபி அவனை அதுக்காகத் திட்டினதே இல்ல. அவ இடத்துல யாரு இருந்தாலும் என்னன்னு திட்டுறது?

பாலம் வந்தப்போ டேவி போய்ச் சேர்ந்து வருஷங்களாச்சு. கடைசிவரை எஃபி அதுல கால் வைக்கலைன்னு சொல்றவங்க இருக்காங்க. சுத்தப் பொய். வச்சா. வயசான காலத்துல, முட்டி வலியோட, தண்ணியில இறங்கவா முடியும்?