அண்ணி ஒப்பித்த பெயர்கள்

அந்த எவர்சில்வர் தட்டின் விளிம்பில் ஒரு நசுங்கல் உண்டு. தேங்காய், பழம், வெற்றிலை, சூடம் எல்லாம் வைத்து ஏந்தும்போது இடது கட்டைவிரல் தானாக அதில் போய் உட்காரும். அலோர் காஜாவுக்கு அருகே, நாங்கள் பிறந்து வளர்ந்த ரப்பர்த் தோட்டத்து மாரியம்மன் கோயில் திருவிழாவில், அந்தத் தட்டோடு நின்று அர்ச்சனைக்கு வீட்டார் பெயர்களைச் சொல்கிற வேலை சிறு வயதில் என்னுடையதாக இருந்தது. பெயர், நட்சத்திரம், ராசி. மூத்தவரில் தொடங்கி இளையவர் வரை. சித்தப்பா குடும்பமும் எங்கள் தட்டிலேயே சேர்த்தி. எல்லாவற்றையும் உள்ளங்கையில் பேனாவால் எழுதிக்கொண்டு போவேன். எழுதாத எதுவும் என்னிடம் தங்குவதில்லை. அன்றும் அப்படித்தான், இன்றும் அப்படித்தான்.

மெர்லிமாவ் பக்கத்துத் தோட்டம் ஒன்றிலிருந்து அண்ணி எங்கள் வீட்டுக்கு மருமகளாக வந்த முதல் திருவிழாவில் வெயில் கடுமை. வியர்வையில் உள்ளங்கை மை கலங்கிவிட்டது. சித்தப்பாவின் நட்சத்திரம் வரவில்லை, பாதியில் நின்றேன். பூசாரி முறைத்தார். பின்னால் வரிசை முணுமுணுத்தது. அப்போது என் தோளுக்குப் பின்னாலிருந்து, "கேட்டை, விருச்சிக ராசி" என்று ஒரு மெல்லிய குரல். தாலிக்கயிற்றின் மஞ்சள்கூட மங்காத அந்தப் பெண் மிச்சப் பெயர்களையும் தடையில்லாமல் சொல்லி முடித்தார். அம்மா என் கையிலிருந்த தட்டை வாங்கி அண்ணியிடம் கொடுத்தார்.

"இனிமே நீயே சொல்லும்மா. இவளுக்குப் பேப்பர் இல்லாம பேச்சு வராது."

எல்லாரும் சிரித்தார்கள். அண்ணியும் சிரித்தார். எழுதாமலே என்னிடம் தங்கிப்போன மிகச் சிலவற்றில் அந்தச் சிரிப்பும் ஒன்று.

அண்ணிக்குக் கேட்டது கேட்டபடி நிற்கும். எந்தக் கல்யாணத்தில் யார் யாரை என்ன சொன்னார்கள் என்பதை, சொன்னவரின் இழுப்போடும் இருமலோடும் திருப்பிச் சொல்வார். குருபோங்கில் அண்ணன் வீடு வாங்கிப் பால் காய்ச்சிய நாளில் சித்தப்பா பேசியது பற்றி ஒருமுறை எங்களுக்குள் வாக்குவாதம். அன்று மாலையே நான் நாட்குறிப்பில் எழுதியிருந்தேன். எடுத்துக்கொண்டு போனேன். அதை யாரும் திறந்துகூடப் பார்க்கவில்லை. அண்ணன் சொன்னார்: "நீ எழுதித்தான் வச்சிருக்க. அண்ணிக்கு ஞாபகமே இருக்குலா!"

எனக்குக் கல்யாணமான பிறகு என் பெயர் என் கணவர் வீட்டுத் தட்டுக்குப் போனது. எங்கள் பக்கத்து முறை அது. திருவிழாவுக்கு அவர்களோடு வந்து வேறு வரிசையில் நிற்பேன். கூட்டத்துக்கு அப்பால் அண்ணியின் உதடுகள் அசைவது தெரியும். நாயனத்தில் ஒன்றும் கேட்காது. அந்த உதடுகளில் என் பெயர் இனி இருக்காது என்று முடிவு செய்திருந்தேன். ஒழுங்கு என்றால் அதுதான். ஆனாலும் ஆண்டுதோறும் அந்த உதடுகளைத்தான் பார்த்துக்கொண்டு நின்றேன், அம்மனை அல்ல.

சென்ற ஆண்டு அண்ணிக்கு வாதம் வந்தது. வலது கையும் காலும் விழுந்தன, கூடவே சொற்களும். கரண்டியைக் காட்டினால், "அது... தண்ணி... இல்ல, அது" என்று தவித்துக் கண் கலங்குவார். சொற்கள் அழிந்து போகவில்லை, அவற்றை எடுக்கிற வழிதான் அடைபட்டிருக்கிறது என்று பேச்சுப் பயிற்சி கொடுக்க வந்த பெண் விளக்கினாள். வரிசையாகச் சொல்லிச் சொல்லிப் பழகியவை மட்டும் சிலருக்கு முழுசாக வருமாம்.

சனிக்கிழமைதோறும் குருபோங்குக்கு, அண்ணன் வீட்டுக்குப் போனேன். திரும்பி வந்த சொற்களை ஒவ்வொன்றாகக் குறித்துக்கொண்டேன். முதலில் தேத்தண்ணி வந்தது. அப்புறம் மகன்களின் பெயர்கள், பிறகு வீட்டுப் பூனையின் பெயர். 'கருப்பி' என்று அவ்வளவு தெளிவாகக் கூப்பிட்டார். ஐம்பதைத் தாண்டிய ஒருத்தி பூனைமேல் பொறாமைப்படலாமா? பட்டேன். என்னைப் பார்த்து, "இவங்க... நம்ம..." என்று தேடிவிட்டுக் கடைசியில், "டீச்சர்" என்றார். பேனாவும் கையுமாக உட்கார்ந்திருந்தேன் அல்லவா. நான் பள்ளிக்கூடத்தில் வேலை செய்ததே இல்லை.

"டீச்சரா? ஒன் நாத்தனாருடி!" அண்ணன் விழுந்து விழுந்து சிரித்தார். அடுத்த சனிக்கிழமையும் நான் டீச்சர்தான். எனக்கும் இப்போதெல்லாம் ஆபீசில் எதிர் மேசைக்காரியின் பெயர் நாக்கு நுனியில் வந்து நின்றுவிடுகிறது. ஆனால் ஒருவர் என்னை மறப்பது வேறு. அவர் பூனையை மறக்காமல் என்னை மறப்பது வேறு.

இந்த ஆண்டுத் திருவிழாவில் அண்ணன் தட்டை என் கையில் கொடுத்தார். "இந்த வருசம் நீயே சொல்லிரு." சீட்டில் எழுதிக்கொண்டுதான் வந்திருந்தேன். பெரியவர்கள் யாரும் இப்போது இல்லை, சித்தப்பா பிள்ளைகளுக்குத் தனித் தட்டு. அண்ணன், அண்ணி, மகன்கள், மருமகள், பேரன். என் பெயர் அதில் இல்லை, எழுத முறையில்லை. கோயிலை எடுத்துக் கட்டிய பிறகு தமிழ்நாட்டிலிருந்து வந்த குருக்கள் இவர், என்னை அறியாதவர். காதைச் சாய்த்தார். நான் சீட்டைப் பிரிப்பதற்குள் கீழே சக்கர நாற்காலியிலிருந்து அண்ணி தொடங்கிவிட்டார். அண்ணன் பெயர், மகம், சிம்ம ராசி. தன் பெயர், திருவோணம், மகர ராசி. பழைய வேகம், பழைய குரல். கரண்டியைச் சொல்ல முடியாத வாய்!

சட்டென்று நின்றது. உதடுகள் அசைந்தன, சத்தம் வரவில்லை. நான் சீட்டைப் பார்த்து மூத்த மகனின் பெயரைச் சொன்னேன். குருக்கள் கையை உயர்த்தினார்.

"இருங்கோ, நடுவுல ஒண்ணு விட்டுப்போச்சு. வசந்தா, சதயம், கும்ப ராசி. வருஷா வருஷம் இந்த அம்மா சொல்ற பேராச்சே."

"வசந்தா, சதயம், கும்ப ராசி" என்றார் அண்ணி, ஒரு பெரிய மூச்சோடு. பிறகு மகன்கள், மருமகள், பேரன் என்று நிற்காமல் ஓடி முடித்தார்.

குருக்கள் தட்டை வாங்கிக்கொண்டு உள்ளே போனார். இத்தனை ஆண்டுகளாக நாயன சத்தத்துக்கு அப்பால் அந்த உதடுகள் என்ன சொல்லிக்கொண்டிருந்தன என்பது இப்போது தெரிந்துவிட்டது. மகிழ்ந்திருக்க வேண்டும். எனக்கோ என் பெயர்மேலேயே பொறாமை வந்தது. அண்ணிக்குள் அதற்கு ஓர் இடம் இருக்கிறது, அண்ணனுக்கும் மகன்களுக்கும் நடுவே, அசைக்க முடியாத இடம். அந்தப் பெயருக்கு உரியவள் பக்கத்திலேயே நிற்கிறாள், அவளுக்கு இல்லை.

அர்ச்சனை முடிந்து தட்டு திரும்பி வந்தது. அண்ணி என்னை நிமிர்ந்து பார்த்தார். இடது கையை நீட்டினார்.

"டீச்சர், தட்டு."

கொடுத்தேன். அவர் கட்டைவிரல் நேராக அந்த நசுங்கலில் போய் உட்கார்ந்தது.