திங்கட்கிழமை வெற்றிகள்

ஒன்பது வயது வரை நான் ஓடியதில்லை. ஓட வேண்டிய தேவையும் எனக்கு நேர்ந்ததில்லை. இராசபாளையத்தில் எங்கள் வீட்டு முன்னறையில் சுவரோரம் சாய்ந்துகொண்டு, மளிகைக் கடையிலிருந்து பொட்டலமாக வந்த தாள்களை நீவி விரித்துப் படிப்பதே என் முழுநேரத் தொழில். பள்ளியில் விளையாட்டு வேளை வந்தால் வயிற்றுவலி வரும்; அடுத்த மணி அடித்ததும் போய்விடும். உடல் பெருத்துக்கொண்டே போயிற்று.

“இவ இப்பிடியே ஒக்காந்து கெடந்தா, நாளைக்கு எந்திரிக்கக் கப்பி போட்டுத்தான் இழுக்கணும்” என்று தாயார் முறையிடுவார்.

தந்தையார் அதற்குச் சிரித்தாரேயன்றி என்னைக் கடிந்ததில்லை. “ஓடுன்னு சொன்னா ஓட மாட்டா. தொரத்துன்னு சொல்லிப் பாப்போம்” என்றார் ஒரு நாள்.

அவர் நூற்பாலையில் பணியாற்றினார். இறுக்கிக் கட்டி வரும் பஞ்சுப் பொதிகளைப் பிரித்து, உதறி, இயந்திரத்துக்கு ஊட்டும் பிரிவு அவருடையது. புளோ ரூம் என்பார்கள். மாலையில் வெளிவரும்போது புருவமும் மீசையும் வெளுத்திருக்கும். அந்த வெண்மை எனக்குப் பெரும் வேடிக்கை. ஒரே பகலில் கிழவராகி, முகம் கழுவியதும் இளைஞராகிவிடும் தந்தை வேறு எவளுக்கும் வாய்க்கவில்லை என்று பெருமை கொள்வேன்.

அந்த ஆண்டு முழுவதும் அவருக்குப் பகற்பணியே அமைந்தது. ஆலையிலிருந்து வீட்டுக்கு வரும் வழியில் ஒரு கண்மாய். என் பள்ளியும் அதன் அருகில்தான். பள்ளி விட்டதும் மடையருகே வந்து நிற்குமாறு பணித்தார். நின்றேன். தம் தூக்குவாளியையும் என் புத்தகப் பையையும் ஒரு கையில் சேர்த்துப் பிடித்துக்கொண்டு, கரையின் மறுமுனையில் தெரிந்த வாகை மரத்தைக் காட்டினார்.

“இங்கேருந்து அந்த மரம். யாரு பிந்துதாகளோ அவிய இந்த ரெண்டையும் வீடு மட்டும் சொமக்கணும். நீ இருபது எட்டு முன்ன நின்னுக்கோ தாயி.”

சுமை தூக்க எனக்கு விருப்பமில்லை. சோம்பலை வெல்லச் சோம்பலையே கருவியாக்கிய தந்திரம் அது என்பது அப்போது விளங்கவில்லை. ஓடினேன். ஐம்பது எட்டு வைப்பதற்குள் விலாவில் குத்தியது. சுமையும் எனக்கே வாய்த்தது.

மறுநாள் முப்பது எட்டு முன்னால் நிற்க விட்டார். அதற்கடுத்த நாள் அவர் பின்னோக்கி ஓடினார். பிறிதொரு நாள் ஒற்றைக் காலால் நொண்டினார். பாதி வழியில் செருப்பைத் தவறவிட்டு, “ஐயையோ, போச்சே!” என்று அலறியபடி திரும்பி ஓடி எடுத்து வருவார். நான் சிரித்துக்கொண்டே ஓடினேன். சிரித்துக்கொண்டு ஓடியவளுக்கு, ஓடுகிறோம் என்பதே மறந்துபோயிற்று. விலாக் குத்து வந்த நாளில் மட்டும் நிறுத்தி, முதுகில் கை வைத்து, “மூச்ச மூக்கால இழு தாயி. அவசரமில்ல. வாயால மெதுவா விடு. ம்… இன்னொருக்க” என்று கற்பிப்பார். எனக்கு மூச்சு விடக் கற்றுக்கொடுத்தவர் அவரே.

ஐப்பசி மழை தொடங்கும் முன்பே முன்னால் நிற்கும் சலுகை ஒழிந்தது. இருவரும் ஒரே கோட்டில் நின்று புறப்பட்டோம். அவர் சில நாள் தோற்பார். ஆனால் அத்தோல்விகள் எத்தகையவை என்பதை நான் நன்கறிவேன். தோற்கப்போகிறவர் ஒருமுறை ஓரக்கண்ணால் என்னைப் பார்ப்பார், மரத்தை அடைந்ததும் தொடையில் தட்டி, “அடச்சே!” என்று மிகையாக வருந்துவார். அவ்வகை வெற்றிகளை நான் கணக்கில் சேர்ப்பதில்லை. எனக்கு வேண்டியது ஓர் உண்மையான வெற்றி. பத்து வயதில் அதைக் காட்டிலும் பெரிய வேட்கை எனக்கு வேறில்லை.

கார்த்திகையில் ஒரு திங்கட்கிழமை அது கிட்டியது. நான் மரத்தைத் தொட்டுத் திரும்பியபோது அவர் இருபது எட்டுக்கு அப்பால் வந்துகொண்டிருந்தார். ஓரக்கண் பார்வை இல்லை. தொடையில் தட்டவும் இல்லை. வாய் திறந்திருந்தது. முகம் கறுத்திருந்தது. மரத்தில் ஒரு கையை ஊன்றி நெடுநேரம் நின்றார்.

“நெசமாவே தோத்துட்டீகளாப்பா?”

தலையை மட்டும் அசைத்தார். நான் துள்ளிக் குதித்தேன்.

செவ்வாயன்று அவரே வென்றார். அடுத்த திங்கட்கிழமை மறுபடி நான். திங்கட்கிழமைதோறும் வெற்றி எனதாயிற்று. இதன் காரணத்தை ஆராய்ந்து ஒரு கொள்கையும் வகுத்தேன்: ஞாயிற்றுக்கிழமை ஆலைக்கு ஓய்வு, அன்று வீட்டில் கறிச்சோறு, அந்த வலிமைதான் மறுநாள் என் காலில் இறங்குகிறது. இதை அவரிடம் விளக்கினேன்.

“சரியாத்தான் சொல்லுத. கறி ஒனக்குக் காலுக்குப் போகுது, எனக்கு வயித்துக்குல்ல போகுது!” என்றார். சிரிப்பினூடே இருமல் வந்தது.

தை பிறந்தபின் செவ்வாய்க்கிழமையும் என் வசமாயிற்று. மாசியில் புதன், வியாழன். பங்குனி முடியுமுன் வாரம் முழுவதும் வென்றேன். உடலும் மெலிந்து உறுதிப்பட்டிருந்தது. விளையாட்டு வேளையில் வயிற்றுவலி வருவதில்லை. தூக்குவாளியும் பையும் நாள்தோறும் தந்தையார் கையில் வந்தன. அவர் சுமையை அடிக்கடி தரையில் வைத்து நின்று நின்று வருவார். தோற்றவர் மெல்லத்தானே நடப்பார் என்று நான் முன்னால் போய்விடுவேன்.

கோடை விடுமுறையில் இயந்திரங்களைப் பழுதுபார்ப்பதற்காக ஆலையை மூன்று வாரம் மூடினார்கள். நாங்கள் மூவரும் திருவில்லிபுத்தூரில் தாய்மாமன் வீட்டுக்குச் சென்றோம். தாயாருக்கு மூத்தவர் அவர். உரத்த குரலும் ஓயாத கேலியும் உடையவர். சென்ற அன்றே என் வெற்றி வரலாறு முழுவதையும் அவரிடம் ஒப்பித்தேன்.

“என்ன மாப்ள, ஒம் மக ஒன்னத் தெனமும் தோக்கடிக்காளாம்ல? வெளிய சொல்லிக்கிட்டுத் திரியுதா. வெக்கமா இல்லியா?”

“கெட்டிக்காரி தோக்கடிக்கா. வெக்கம் என்ன இதுல?” என்றார் தந்தையார்.

“அப்படின்னா இங்கன ஓடுங்க, நாங்களும் பாக்கோம்.”

ஏதேனும் சொல்லி அதைத் தள்ளிக்கொண்டே வந்தார் தந்தையார். மூன்றாம் வாரம் என் நச்சரிப்புக்கு இணங்கினார். தேரடியிலிருந்து மாமன் வீட்டு வாசல் வரை என்று முடிவாயிற்று. நாளை நானே குறித்தேன்: திங்கட்கிழமை. எக்கிழமையிலும் நான் வெல்வேன் என்றாலும், ஊரார் முன்னிலையில் ஐயத்துக்கு இடம் வைப்பானேன்?

அந்த மூன்று வாரத்தில் தந்தையார் நன்றாக உண்டார். இருமல் எங்கோ போயிருந்தது. கிணற்றடியில் அவர் பாடியதைக் கேட்டுத் தாயார் எனக்கு வியப்பூட்டும்படி முகம் மலர்ந்திருந்தார். இவையெல்லாம் என் கண்ணில் பட்டன, கருத்தில் படவில்லை.

விடிந்து வெயில் ஏறுமுன் தேர் வீதியில் நின்றோம். தெளித்த வாசல்களில் பெண்கள் கோலமாவுடன் நிமிர்ந்து பார்த்தார்கள். மாமன் வாசற்படியில் நின்று துண்டை வீசினார்.

பத்தே எட்டுத்தான் நான் அவருக்கு இணையாக ஓடினேன். அதன்பின் அவர் முதுகைக் கண்டேன். பிறகு உள்ளங்கால்களை மட்டும் கண்டேன். அப்படி ஓர் ஓட்டத்தை நான் அதுவரை கண்டதில்லை. வாசலை அடைந்ததும் இரு கைகளையும் வானுக்கு உயர்த்தி உரக்கச் சிரித்தார். மூச்சு வாங்கவில்லை. இழந்த பொருள் ஒன்று கைக்கு மீண்டவரைப்போல் தம் நெஞ்சைத் தாமே தடவிப் பார்த்துக்கொண்டார். அதன் பிறகே திரும்பி என்னைப் பார்த்தார். சிரிப்பு அப்படியே நின்றது.

“ஏட்டி, தெரிஞ்சுதா?” மாமன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். “இத்தன நாளும் ஒங்கப்பன் ஒனக்கு விட்டுல்ல குடுத்திருக்கான்! நீ என்னமோ பெரிய ஓட்டக்காரின்னு…”

கோலமிட்ட பெண்களும் சிரித்தார்கள். நான் தந்தையார் முன் போய் நின்றேன்.

“நெசமாப்பா? விட்டுக் குடுத்தீகளா?”

அவர் தாயாரைப் பார்த்தார். தாயார் முன்னால் வந்து, “அப்பிடியில்லட்டி, அவியளுக்கு…” என்று தொடங்கினார். தந்தையார் கையை இலேசாக உயர்த்தி அவரை அமர்த்தினார். “ஆமா தாயி. விட்டுத்தான் குடுத்தேன்” என்றார்.

கார்த்திகை முதல் நான் ஈட்டிய வெற்றிகளெல்லாம் அத்தேர் வீதியில் பொய்யாயின. நான் அழவில்லை. அழுதிருந்தால் சினம் தணிந்திருக்கும்.

ஆனியில் ஒரு திங்கட்கிழமை பள்ளி திறந்தது, ஆலையும் திறந்தது. காலையில் பையை மாட்டும்போதே தாயாரிடம் அறிவித்துவிட்டேன். “இனிமே மடைக்குப் போக மாட்டேன்.”

“செத்த நேரம் போயிட்டு வாயேன்ட்டி. அவிய காத்துக்கெடப்பாகள்ல. ஓடாட்டாலும் கூட நடந்து வா.”

“பொய்யா ஓடுதவுககூட நான் நடக்கவும் மாட்டேன்.”

தாயார் ஏதோ சொல்ல வாயெடுத்து நிறுத்திக்கொண்டார். அவருக்குத் தடை விதிக்கப்பட்டிருந்தது போலும்.

சில நாளே தந்தையார் கரைவழி வந்தார். பிறகு உடன் பணியாற்றிய ஒருவரின் மிதிவண்டியில் பின்னால் அமர்ந்து கடைத்தெரு வழியாக வரத் தொடங்கினார். எங்கள் ஓட்டம் அத்துடன் முடிந்தது. நான் சுவரோரத்துக்கும் பொட்டலத் தாள்களுக்கும் மீண்டேன். வாழ்நாளில் பிறகு எப்போதும் ஓடவில்லை. ஓராண்டு அவர் அரும்பாடுபட்டு வளர்த்த ஒன்றை நான் ஒரே பகலில் வெட்டி எறிந்தேன். அதற்காக அவர் என்னை ஒரு சொல்லும் சொன்னதில்லை.

நான் கல்லூரியில் பயின்றபோது அவர் ஆலையை விட்டு நின்றுவிட்டார். நாற்பத்தைந்து வயது. தலையணையை மடியில் வைத்து அதன்மேல் கவிழ்ந்துதான் உறங்குவார். மதுரையில் ஒரு மருத்துவரிடம் அழைத்துச் சென்றேன்.

“இந்த மூச்சுமுட்டு மொத மொதல்ல எப்ப வந்துச்சு, ஞாபகம் இருக்கா?” என்று மருத்துவர் கேட்டார்.

“பிள்ளகூட ஓடுறப்ப, சார். ஆரம்பத்துல திங்கக்கெழம மட்டும் வரும். பொறவு செவ்வாயும்…” என்று சொல்லி வந்தவர், நான் பக்கத்தில் நிற்பதை நினைத்துக்கொண்டு சட்டென்று வாயை மூடினார்.

மருத்துவர் எனக்கு விளக்கினார். பஞ்சுத் தூசியை நெடுநாள் சுவாசித்தவர்களுக்கு, வார ஓய்வு முடிந்து பணிக்குத் திரும்பும் முதல் நாளில்தான் நெஞ்சு முதலில் இறுகும். பிறகு அடுத்த நாளுக்கும் அதற்கடுத்த நாளுக்கும் பரவும். தொடக்க நிலையில் சில வாரம் ஆலைப் பக்கம் போகாதிருந்தால் மூச்சு மீண்டும் வரும். அவர் சொல்லச் சொல்ல நான் கார்த்திகையிலிருந்து பங்குனி வரை என் வெற்றிகளை ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டிருந்தேன். அவற்றில் ஒன்றுகூடப் பொய்யில்லை. தந்தையார் என்னிடம் சொன்ன பொய், தேர் வீதியில் சொன்ன அந்த ஒன்றுதான். தம் மூச்சு குறைவதை மகள் அறிந்தால் ஓடுவதை விட்டுவிடுவாள் என்று அஞ்சியிருக்கிறார்.

ஆலை திறந்த அந்தத் திங்கட்கிழமை மாலை இன்றும் என் கண்ணுள் நிற்கிறது. கடைத்தெரு வழியே போக முடிவு செய்திருந்தும், தண்டனை எவ்வாறு வேலை செய்கிறது என்று பார்க்கும் ஆவலில், கண்மாய்க்குத் திரும்பும் முனையில் மறைந்து நின்று எட்டிப் பார்த்தேன். தந்தையார் மடைச்சுவரில் அமர்ந்திருந்தார். இரு கைகளும் முழங்காலில் ஊன்றியிருந்தன. தலை தொங்கியிருந்தது. தோள்கள் ஏறி ஏறி இறங்கின.

அழுகிறார் என்று உறுதி செய்துகொண்டேன். செய்த பிழை உறைத்துவிட்டது என்று நெஞ்சுக்குள் இனித்தது. வெள்ளிக்கிழமை வரை இப்படியே உட்காரட்டும், அதன்பிறகு மன்னிப்பதா வேண்டாமா என்று பார்க்கலாம் என எண்ணி, நான் வீட்டை நோக்கி நடந்தேன்.