நான் விற்ற பழைய உலகம்

உலகப் படம் விற்கிறவனுக்கு உலகம் கொஞ்ச நாளாவது மாறாமல் இருக்க வேண்டும். நான் இந்தத் தொழிலுக்கு வந்த நேரம் பார்த்து அது தினம் ஒரு நாடாக மாறிக்கொண்டிருந்தது.

பழைய சரக்கைத் தலையில் கட்டி ஊர் ஊராக அனுப்பப்பட்டவர்கள் இதைப் படித்தால் என் பாடு சொல்லாமலே விளங்கும். மதுரையில் என் முதலாளி, யுத்தத்துக்கு முன்னால் அச்சடித்த சுவர்ப் படங்களை மலிவாகக் கிடைத்ததென்று கட்டுக்கட்டாக வாங்கி வைத்திருந்தார். ராமநாதபுரம் ஜில்லாப் பள்ளிக்கூடங்களில் அவற்றைத் தள்ளிவிடுவது என் வேலை. தள்ளிவிட முடியாவிட்டால் நான் வேறு வேலை பார்த்துக்கொள்ளலாம் என்று வெற்றிலை போட்டுக்கொண்டே சொன்னார். வீட்டில் அப்போது என் சம்பளம் ஒன்றுதான்.

ஒட்டுத்தாள்

சுதந்திரம் வந்த பிறகும் எங்கள் படங்களில் பாகிஸ்தான் கிடையாது. முதலாளி அதற்கும் வழி வைத்திருந்தார். பச்சைத் தாளில் இரண்டு துண்டு வெட்டி, பெயரை அச்சடித்து, மேற்கே ஒன்று கிழக்கே ஒன்று ஒட்டிவிடச் சொன்னார். லாட்ஜ் அறையில் உட்கார்ந்து மைதா பசை கிண்டி ஒட்டுவேன். எல்லைக்கோடு கொஞ்சம் அப்படி இப்படித்தான் இருக்கும். கேட்டால் சுமாராகத்தான் காட்டியிருக்கிறது என்பேன்.

நயினார்கோவில் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் அப்படியொரு படத்தை மாட்டிவிட்டு, அடுத்த மழைக்காலத்தில் மறுபடியும் போனேன். தலைமை ஆசிரியர் என்னைத் திட்டவில்லை. வகுப்புக்குள் கூட்டிக்கொண்டு போய்த் தரையைக் காட்டினார்.

"பாகிஸ்தான் ஈரத்துல கீழ விழுந்துருச்சு தம்பி. பெருக்குறவ குப்பையில அள்ளிறாம எடுத்து வச்சிருக்கேன், ஒட்டிட்டுப் போங்க."

ஒரு புள்ளி

பாம்பன் பாலத்துக்கு அந்தப்புறம் அக்காள்மடத்தில் ஒருவர் வலையைப் போட்டுவிட்டு வந்து படத்தின் முன்னால் நின்றார். பிள்ளையைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்க வந்தவர். தன் ஊர் எங்கே என்று கேட்டார். உலகப் படத்தில் ராமேசுவரம் தீவு ஏது? இலங்கையே கட்டைவிரல் நகம் அளவுதான். நான் பென்சிலை எடுத்து, இருக்க வேண்டிய இடத்தில் ஒரு புள்ளி வைத்துக் காட்டினேன். அவர் அதை வெகுநேரம் பார்த்தார்.

"நீங்க மட்டும் பென்சில் கொண்டாரலைன்னா நாங்க தண்ணிக்குள்ளயில்ல கெடந்திருப்போம்."

ஒரு சாண்

பரமக்குடிக்குத் தெற்கே ஒரு பள்ளிக்கூடத்தின் நிர்வாகி ரங்கூனில் மளிகைக் கடை வைத்திருந்தவர். ஜப்பான்காரன் குண்டு போட்டபோது எல்லாவற்றையும் விட்டுவிட்டு, மலையும் காடுமாக இந்தியாவுக்கு நடந்தே வந்த கூட்டத்தில் அவரும் ஒருவர். அதெல்லாம் எனக்குத் தெரியாது. நான் வழக்கம்போல என் அறிவைக் காட்டினேன். பர்மா ஒருகாலத்தில் இந்தியாவோடு சேர்ந்திருந்தது, அதனால்தான் ஒரே நிறம், இரண்டும் அடுத்தடுத்த வீடு மாதிரி என்றேன்.

அவர் ரங்கூனில் கட்டைவிரலை வைத்து, இந்தியாப் பக்கம் கையை விரித்துப் பார்த்தார். வழியில் மனைவியைப் புதைத்துவிட்டு வந்தவர் என்று அங்கிருந்த வாத்தியார் பிறகுதான் சொன்னார். அன்றைக்கு நான் வாயை மூடிக்கொண்டிருந்திருக்கலாம்.

"ஒரு சாண் கூட இல்லையே சார். நாங்க நடந்தப்ப இம்புட்டுக் கிட்டத்துல இல்லையே."

வியட்நாம் எங்கே?

இதைச் சொல்லத்தான் மற்றதையெல்லாம் சொன்னேன். தொண்டிக்குத் தெற்கே ஒரு கடற்கரை ஊர். வீட்டுக்கு ஒருவர் பினாங்கிலோ கொழும்பிலோ சைகோனிலோ இருப்பார். வெளிநாட்டுக் கடிதங்களுக்கு இங்கிலீஷில் விலாசம் எழுதிக்கொடுப்பது அந்த ஊர்த் தலைமை ஆசிரியர்தான். என் படத்தை ஆணியில் மாட்டி, ஆர்டர் தாளில் கையெழுத்துப் போட அவர் பேனாவைத் திறந்த நேரம், மரியம் பீவி என்ற பெண் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு வாசலில் வந்து நின்றார்.

அவருடைய கணவர் ஹனாயில் ஜவுளிக் கடை வைத்திருந்தார். ஊரில் கலவரமாக இருக்கிறது, கடையை விட்டுவிட்டு சைகோனுக்குப் போய்விடலாமா, இல்லை இருந்து பார்க்கலாமா, விசாரித்து உடனே எழுது என்று கடிதம் வந்திருந்தது. பள்ளிவாசலில் பேப்பர் படித்தவர்கள் வியட்நாம் இரண்டாகப் பிரிகிறது என்று பேசிக்கொண்டார்களாம். கணவர் இருக்கிற ஊர் அந்த நாட்டில்தானா என்பதுதான் மரியம் பீவிக்குத் தெரிய வேண்டும். உலகம் தெரிந்தவர் வந்திருக்கிறார், அவரையே கேள் என்றார் தலைமை ஆசிரியர்.

என் படத்தில் வியட்நாம் இல்லை. ஹனாயும் சைகோனும் ஒரே நிறத்துக்குள் இருந்தன; மேலே பிரெஞ்சு இந்தோ-சீனா என்று போட்டிருந்தது. தலைமை ஆசிரியர் எழுதிக்கொடுக்கும் விலாசத்திலும் அந்தப் பெயர்தான். எனக்குத் தெரியும். அன்று காலைதான் ராமநாதபுரம் பஸ் ஸ்டாண்டில் பேப்பர் பார்த்தேன். அந்த நாடுதான் பிரிகிறது, ஹனாய் வடக்கே போகிறது, தெற்கே வர விரும்புகிறவர்களுக்குச் சில மாதம் தவணை என்று அதில் இருந்தது. அதைச் சொன்னால் படம் பழையது என்பது வெளியே வந்துவிடும். பேனா தாளுக்கு மேலே நின்றுகொண்டிருந்தது. வியட்நாம் என்பது சீனா பக்கம் ஒரு சின்ன நாடு, இந்த அளவுப் படத்தில் வராது, உங்கள் வீட்டுக்காரர் இருப்பது வேறு நாடு என்றேன். தலைமை ஆசிரியர் கையெழுத்துப் போட்டார். வாசலில் இருந்தவரின் முகம் தெளிந்ததை நான் பார்த்தேன். பார்த்துக்கொண்டே படங்களைச் சுருட்டிக் கட்டினேன்.

"இப்பத்தாண்ணே மூச்சு வருது. அல்லா காப்பாத்துனான். அவுகள அங்கனயே இருக்கச் சொல்லி இன்னைக்கே எழுதிப் போடுறேன்."

புதுப் படம்

மூன்று வருஷம் அந்த ஊர்ப் பக்கமே நான் போகவில்லை. புதிய படங்கள் தமிழில் அச்சாகி வந்ததும், யாரும் கேட்காமலே ஒன்றை எடுத்துக்கொண்டு போனேன். தவணை முடிந்த பிறகு ஹனாயிலிருந்து ஒரே ஒரு கடிதம் வந்ததாகவும், கடை போய்விட்டதென்று அதில் இருந்ததாகவும், அதற்குப் பிறகு தகவலே இல்லை என்றும் தலைமை ஆசிரியர் சொன்னார். மரியம் பீவி இன்னமும் மாதம் ஒரு தடவை விலாசம் எழுத வந்துகொண்டிருந்தார்.

அவர் வரும்வரை உட்கார்ந்திருந்தேன். புதுப் படத்தில் வியட்நாம் இருந்தது, நடுவில் கோடும் இருந்தது. அன்றைக்கே எனக்குத் தெரியும், படத்தை விற்பதற்காகப் பொய் சொன்னேன் என்று தலைமை ஆசிரியரை வைத்துக்கொண்டே சொல்லிவிட்டேன். மரியம் பீவி என்னைத் திட்டுவார், அழுவார், அதைக் கேட்டுக்கொண்டு போய்விடலாம் என்று நினைத்துத்தான் போயிருந்தேன். அவர் கோட்டுக்கு மேலே இருந்த ஊரைத் தேடிப் படித்துவிட்டுத் திரும்பினார்.

"அவுக என்கிட்டத்தான் கேட்டாக. நான் எழுதுனத நம்பித்தான் இருந்துட்டாக. நீங்க படத்த மாட்டிட்டுப் போங்கண்ணே."

இருபது வருஷம் ஊர் ஊராக உலகப் படம் விற்றதில் எனக்குச் சேர்ந்த பொது அறிவு இவ்வளவுதான்: எந்த நாடு எங்கே இருக்கிறது என்பதை யாரிடம் வேண்டுமானாலும் கேளுங்கள், ஆர்டருக்காகக் காத்து நிற்கிறவனிடம் மட்டும் கேட்காதீர்கள்.