தெளிய விட்ட ஊற்று

அறுபதுகளின் கடைசியில் ஒரு சித்திரை மாதம். என் கணவருக்கு ஆசிரியர் வேலை மாற்றலாகி, திருவள்ளூர் பக்கம் கொசஸ்தலை ஆற்றங்கரைக் கிராமம் ஒன்றுக்கு நாலு மாதக் கைக்குழந்தையோடு குடிபோயிருந்தோம். நான் சென்னையில் குழாயடியில் வளர்ந்தவள். வாய் வேறு கொஞ்சம் நீளம்!

கோடையில் அங்கே ஆறு என்றால் வெறும் மணல்தான். ஆளாளுக்கு ஊற்று தோண்டி, சுரக்கிற தண்ணீரை மொண்டு போவார்கள். எங்கள் வீட்டுக்கு ஓர் ஆள் கொண்டுவந்து ஊற்றிவிடுவதால் இந்த விவரமெல்லாம் எனக்குத் தெரியாது. ஒருநாள் உச்சிவேளையில் குழந்தையைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு, அதன் மலத்துணிகளோடு ஆற்றில் இறங்கினேன். ஒரு சின்னப் பள்ளத்தில் தெளிந்த தண்ணீர். பக்கத்தில் யாரும் இல்லை. அட, நல்லதாய்ப் போச்சு என்று சோப்புப் போட்டு அத்தனையையும் அதிலேயே அலசிவிட்டேன்.

பிழியும்போது ஒரு பெண் குடத்தோடு ஓடிவந்தாள். "ஐயையோ, இன்னாம்மா இப்டி பண்ணிட்டே? காலைல தோண்டி, தெளியட்டும்னு உட்டுட்டுப் போனேனே!"

தப்பு என்று உறைத்தது. ஆனாலும் வாய் சும்மா இருக்குமா? "ஆத்துல உன் பேரா எழுதி வெச்சிருக்கு?" என்றேன்.

அவள் சண்டைக்கு வரவில்லை. "பொண்ணு வலில துடிக்குதும்மா. மருத்துவச்சி வெந்நீர் கேக்குறா, ஊட்ல ஒரு சொட்டு தண்ணி இல்ல" என்றபடி மண்டியிட்டுப் புதிதாகத் தோண்ட ஆரம்பித்தாள். மற்ற ஊற்றுகளெல்லாம் காலையிலேயே மொண்டதில் வற்றிக் கிடந்தன. அவள் கைக்கு ஈர மணல்தான் வந்தது.

எனக்குத் திக்கென்றது. நானும் பிள்ளை பெற்று நாலு மாதம்தானே ஆகிறது? சுடுமணலில் வீட்டுக்கு ஓடி, குடிக்க வைத்திருந்த குடத்தை அப்படியே தூக்கிவந்து கொடுத்தேன். வாங்கிக்கொண்டு ஓடினாள்.

அன்று முழுக்கச் சோறு இறங்கவில்லை. என்னால் அவள் மகளுக்கு ஏதாவது ஆகியிருந்தால்?

மறுநாள் காலையில் பயந்துகொண்டே ஆற்றுக்குப் போனேன். என் குடத்தைப் பளபளவென்று துலக்கி வைத்துக்கொண்டு அவள் நின்றிருந்தாள்.

"பேரன் பொறந்துகீறான். ரெண்டு உசுரும் சொகம்" என்றாள். பிறகு, தன் ஊற்றுக்குக் கீழே தள்ளித் தோண்டியிருந்த இன்னொரு பள்ளத்தைக் காட்டினாள். "அத்து உனுக்கு. கொயந்த துணிய வேற எங்க போயி அலசுவே நீ?"

அங்கேயே அழுதுவிட்டேன். நாலு வார்த்தை திட்டியிருந்தால் அந்த வாரமே மறந்திருப்பேன். தன் வீட்டில் அத்தனை பாடு நடக்கும்போதும் என் குழந்தையின் துணியை நினைத்தாளே, அந்த மனசு எனக்கு வருமா என்று இன்றும் என்னையே கேட்டுக்கொள்கிறேன்.